தரம் அறுபத்திரண்டு

உலான்பாத்தரிலிருந்து கடிதம் வந்துவிட்டது:
ஒரு படம் இருநூறு கிலோபைட்டைத் தாண்டக் கூடாது,
வெள்ளிக்கிழமைக்குள் எல்லாம் வந்துசேர வேண்டும்.
எல்லாம் என்றால் நாற்பத்தோராயிரத்துச் சொச்சம்.
கொவ்து நகரில் இன்று மைனஸ் முப்பத்தாறு.
கரியடுப்புக்குப் பக்கத்தில் வைத்தால்
மடிக்கணினியின் விசிறி அலறுகிறது,
தள்ளி வைத்தால் என் விரல்கள்.

மென்பொருளுக்குக் கேட்க நாலு கேள்விதான்.
எந்த வடிவம். எவ்வளவு தரம்.
அசலை வைத்துக்கொள்ளவா, அழிக்கவா.
எடுத்த இடமும் நேரமும் இருக்கட்டுமா.
தரத்தை அறுபத்திரண்டில் நிறுத்தினேன்.
அதற்குக் கீழே பாறைகள் கட்டம் கட்டமாய் உடைகின்றன,
மேலே போனால் இணைப்பு மூச்சு வாங்குகிறது.
இடத்தை நீக்கச் சொல்லிக் குறியிட்டேன்:
தோலுக்கு விலை பேசுகிறவர்களும் படம் பார்க்கிறார்கள்.
நேரம் இருக்கட்டும்.
நேரத்தை யாரும் சுட முடியாது.

முதல் ஆறாயிரமும் காற்று.
அதாவது, புல் அசைந்தது, கேமரா விழித்தது,
புல்லைத் தவிர யாருமில்லை.
பிறகு பனி.
பனி நல்ல பிள்ளை, சொன்னதும் சுருங்கிவிடும்.
வெள்ளைக்குப் பக்கத்தில் வெள்ளை,
அதற்குப் பக்கத்திலும் அதே என்று
ஒரே வரியில் கணக்கை முடித்துக்கொள்ளும்.
நாலரை மெகாபைட் மலை
முப்பத்தெட்டு கிலோபைட்டாகி
பக்கத்து ஃபோல்டரில் போய் உட்காரும்.

இருபத்துமூன்றாயிரத்து நூற்றுப் பதினெட்டாவது படத்தில்
ஊருக்கே மின்சாரம் போனது.
இருட்டில் உப்புத் தேநீர் குடித்துக்கொண்டிருந்தபோது
ஒரு குறுக்குப்புத்தி தோன்றியது:
எடைப்படி அடுக்கிப் பார்த்தால் என்ன?
வெறும் பனி லேசு.
புள்ளி புள்ளியான உடம்பு அவ்வளவு எளிதில் மடங்குமா?
அடங்காமல் கிடப்பதுதான் சிறுத்தை.

விளக்கு வந்ததும் அடுக்கினேன்.
உச்சியில் இருந்தது சிறுத்தையில்லை, பனிப்பொழிவு.
விழுந்து கிடக்கும் பனிதான் நல்ல பிள்ளை;
விழுந்துகொண்டிருக்கும் பனி
ஒவ்வொரு துகளுக்கும் தனிக் கணக்குக் கேட்கிறது.
அடுத்தது ஒட்டகத்தின் விலா, லென்ஸை உரசியபடி.
அதற்கடுத்தது நர்மந்தாக்.

கேமரா பதினேழு. அக்டோபர் மூன்று, மதியம்.
கேமராவைப் பாறையில் கட்டிவிட்டு
அது விழிக்கிறதா என்று சோதிக்க
அதன் முன்னால் நாலு காலில் போகிறான்.
எல்லோரும் செய்வதுதான், நானும் செய்திருக்கிறேன்,
முழங்கால் வலிக்க, யாரும் பார்க்கவில்லையே என்று.
இவன் அப்படிப் போகவில்லை.
தோளை இறக்கி, உள்ளங்கையைப் பதித்து,
அடுத்த கைக்கு முன் ஒரு கணம் நின்று.
பன்னிரண்டு படங்கள்.
பதினொன்றில், தாடியில் உறைந்த மூச்சோடு
திரும்பி என்னைப் பார்க்கிறான்.
அதாவது கேமராவை.
கம்பளிப் பின்னல், சரளைக்கல், கண்ணோரத்துச் சுருக்கம்
எதுவும் மடங்க மறுத்திருக்கிறது.
அறுநூற்றுப் பத்து கிலோபைட்.

இப்போது அவன் கொரியாவில்,
இன்சோனுக்குப் பக்கத்தில் ஏதோ பெயின்ட் தொழிற்சாலையில்.
சம்பளம் இங்கே வாங்கியதைப் போல் ஐந்து மடங்கு.
முகவரி என்னிடம் இல்லை.
இந்தப் படத்துக்கும் தான் எடுக்கப்பட்ட இடம் தெரியாது,
நான்தானே குறியிட்டேன்.

பன்னிரண்டையும் பார்த்து முடித்த விரல்
பழக்கத்தில் இன்னொரு முறை அழுத்தியது.
பதின்மூன்றாவது படம். மறுநாள் அதிகாலை நாலு இருபது.
இரவில் விழுந்த பனி, ஒரு கல், இன்னொரு கல்.
மூடப் போனேன்.
இரண்டாவது கல்லுக்கு வால் இருந்தது.

அவன் கை பதித்த இடத்தில் தலையைத் தாழ்த்தி
மோந்துகொண்டிருந்தது.
நாற்பத்தொரு கிலோபைட்.
வெறும் பனியின் வரிசையில், பனியோடு பனியாக,
என் புத்திசாலித்தனத்தின் அடிமட்டத்தில்.
மென்பொருளும் கல்லென்றே எண்ணி மடித்திருக்கிறது.
காட்டாடுகளை ஏமாற்றுவதும் இப்படித்தான் இருக்க வேண்டும்.

வியாழன் மாலை வேலை முடிந்தது.
அசல்களை அழிக்கவா என்றது.
பதின்மூன்றைத் தனியே எடுத்து வைத்துவிட்டு
ஆம் என்றேன்.
சிறுத்தை உலான்பாத்தருக்குப் போயிற்று.
நர்மந்தாக்கை அனுப்பவில்லை,
எடை வரம்பை மீறுகிறது
என்று குறிப்பு எழுதினேன்.